கதவிடுக்கில் நின்ற சிறுமி

கல்யாண வீடியோ போட்டுப் பார்க்கும்போது ஒரு சங்கதி அநேகமாக எல்லார் வீட்டிலும் நடக்கும். பந்தி ஓடிக்கொண்டிருக்கும். பளீரென்ற விளக்கோடு கேமரா இலை வரிசையை ஒட்டி நகரும். யாரோ ஒருவர் சோற்றைப் பிசைந்த கையோடு நிமிர்ந்து பார்ப்பார். "இது யாரு?" என்று ஒருத்தர் கேட்பார். "மாப்பிள்ளை வீட்டுப் பக்கமா இருக்கும்" என்று பதில் வரும். மாப்பிள்ளை வீட்டார் அதே வீடியோவைப் பார்க்கும்போது "பொண்ணு வீட்டுப் பக்கமா இருக்கும்" என்றிருப்பார்கள். அத்தோடு அந்த மனுஷர் கதை முடிந்தது. வீடியோவில் காலத்துக்கும் சாப்பிட்டுக்கொண்டே இருப்பார், பெயர் மட்டும் கிடையாது.

நான் இங்கே எழுதப்போவதும் இந்த "அந்தப் பக்கமா இருக்கும்" சமாச்சாரத்தைப் பற்றித்தான். ஆனால் இந்த முகம் ஒரு வீட்டு அலமாரியில் கிடந்த முகம் இல்லை. பல நாட்டு ஆவணப்படங்களில் வந்த முகம். ஐம்பது வருஷம் பார்த்தார்கள். ஐம்பது வருஷமும் தப்பான பக்கத்தில் வைத்தே பார்த்தார்கள்.

ஏழு வினாடி

காட்சி இவ்வளவுதான். ஒரு கூட்ஸ் வண்டி. அதன் தள்ளுகதவு இன்னும் முழுக்கச் சாத்தப்படவில்லை. மிச்சமிருக்கும் இடுக்கில் ஒரு சிறுமி நிற்கிறாள். தலையைச் சுற்றி வெளிறிய துணி. வாய் லேசாகத் திறந்திருக்கிறது. வெளியே எதையோ பார்க்கிறாள். பின்னால் ஒரே இருட்டு. கறுப்பு வெள்ளை, ஒலி கிடையாது, சுமார் ஏழு வினாடி. அவள் ஒரு நாயைப் பார்த்தாள் என்பார்கள், பிளாட்பாரத்தில் நின்ற சிப்பாய்களைப் பார்த்தாள் என்பாரும் உண்டு. சட்டகத்துக்கு வெளியே இருந்ததை இனி யார் வந்து சொல்லப்போகிறார்கள்.

நாள் 1944 மே 19, வெள்ளிக்கிழமை. இடம் வெஸ்டர்போர்க், நெதர்லாந்தின் வடகிழக்கில் ட்ரெந்தெ மாகாணத்தில் இருந்த முகாம். இந்த முகாமின் பூர்வீகமே ஒரு விசித்திரம். ஜெர்மனியிலிருந்து தப்பி வந்த யூத அகதிகளைத் தங்கவைக்க 1939ல் டச்சு அரசாங்கம் கட்டியது. நாட்டைப் பிடித்த ஜெர்மானியர்கள் 1942 ஜூலையில் அதைத் தங்கள் கைக்குக் கொண்டுவந்து, கிழக்கே ஆள் அனுப்பும் இடைத்தங்கல் முகாமாக மாற்றினார்கள். அடைக்கலத்துக்குக் கட்டிய கொட்டகைகள் அப்படியே ரயிலுக்குக் காத்திருக்கும் கொட்டகைகள் ஆயின. 1944 செப்டம்பர் வரை ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட யூதர்கள் இந்தத் தண்டவாளத்தின் வழியாகப் போனார்கள். உயிரோடு திரும்பியவர்கள் சுமார் 5,000 பேர். நாட்குறிப்பால் உலகம் அறிந்த ஆன் ஃபிராங்கும் இங்கிருந்துதான் போலந்தில் நாஜிகள் நடத்திய கொலை முகாமான ஆஷ்விட்ஸ் போனாள், அதே வருஷம் செப்டம்பர் 3ஆம் தேதி.

இப்படி ஓர் இடத்தில் கேமரா எப்படி வந்தது? முகாமின் தளபதியே வரவழைத்தார். ஆல்பர்ட் கெம்மெகர் என்ற, நாஜிகளின் எஸ்.எஸ். படை அதிகாரி. முகாமைப் பற்றி ஒரு படம் எடுக்க வேண்டும் என்று 1944 வசந்தத்தில் அவருக்கு ஆசை வந்தது. இன்றைய பேச்சில் சொன்னால் ஒரு கார்ப்பரேட் வீடியோ. நெதர்லாந்தில் பிடித்து அனுப்ப வேண்டிய யூதர்களில் பெரும்பாலானோரை அதற்குள் அனுப்பியாகிவிட்டது. முகாமை மூடிவிட்டால் அவருக்கும் இந்த வசதியான வேலை போய்விடும், போர்முனைக்கு அனுப்பினாலும் அனுப்பிவிடுவார்கள். ஆகவே இது உற்பத்தி செய்கிற, பயனுள்ள உழைப்பு முகாம் என்று காட்ட வேண்டியிருந்தது. பழைய பேட்டரிகளைப் பிரித்தெடுப்பது, விழுந்த விமானங்களின் உலோகத்தை உடைத்தெடுப்பது, வயல் வேலை, பல் மருத்துவர், கால்பந்து, மேடை நிகழ்ச்சி எல்லாம் அந்தச் சுருள்களில் இருக்கின்றன. கதைத்திட்டம் எழுதியவர் ஒரு கைதி. கேமரா பிடித்தவரும் கைதிதான்: ருடால்ஃப் பிரெஸ்லாவர், ஜெர்மனியிலிருந்து நெதர்லாந்துக்குத் தப்பி வந்த யூதர், தொழில்முறைப் புகைப்படக்காரர்.

அந்தப் படம் முடியவே இல்லை. எடிட் செய்யப்படாத சுருள்களாக நின்றுபோனது. பிரெஸ்லாவரும் குடும்பத்தோடு அதே வருஷத்தின் பிற்பகுதியில் முகாமிலிருந்து அனுப்பப்பட்டார். மனைவியும் இரண்டு மகன்களும் கொல்லப்பட்டார்கள், அவரும் 1945ல் இறந்தார். ஒரு மகள் மட்டும் பிழைத்தாள். கெம்மெகருக்குப் போருக்குப் பிறகு பத்து வருஷச் சிறைத்தண்டனை கிடைத்தது, 1951லேயே வெளியே வந்துவிட்டார். ஆஷ்விட்ஸில் என்ன நடந்தது என்று தனக்குத் தெரியாது என்பதையே கடைசிவரை சொல்லிக்கொண்டிருந்தார்.

சுருள்கள் பிழைத்தன. அவற்றில் ரயில் புறப்படும் பகுதி ஒன்று இருந்தது. பார்த்தவர்களுக்கு அதுவே பெரிய அதிர்ச்சி, ஏனென்றால் அதில் அடிதடியோ கூச்சலோ கிடையாது. மக்கள் மூட்டை முடிச்சோடு நடக்கிறார்கள். சிலர் கையசைக்கிறார்கள். ஒருவர் தான் ஏறிய வண்டியின் கதவைச் சாத்த உள்ளேயிருந்து தானே கை கொடுக்கிறார். தளபதி பிளாட்பாரத்தில் உலாத்துகிறார். மேற்கு ஐரோப்பாவிலிருந்து ஆஷ்விட்ஸுக்கு ஆட்களை ஏற்றியனுப்பும் ஓடும் படம் வேறெங்கும் இந்த அளவுக்குக் கிடையாது. அதனால்தான் போருக்குப் பின் யூதப் படுகொலையைப் பற்றி யார் படம் எடுத்தாலும் இந்தச் சுருளுக்கு வந்து சேர்ந்தார்கள். வந்தவர்களின் கண் நேராகப் போய் அந்தக் கதவிடுக்கில் நின்றது.

கடன் போன முகம்

அலன் ரெனே 1955ல் எடுத்து 1956ல் வெளிவந்த 'இரவும் மூடுபனியும்' என்ற பிரெஞ்சு ஆவணப்படத்தில் வெஸ்டர்போர்க் காட்சிகள் வருகின்றன, இந்தச் சிறுமியும் வருகிறாள். பின்னால் வந்த ஆவணப்படங்கள், தொலைக்காட்சித் தொடர்கள், கண்காட்சிகள், புத்தக அட்டைகள் எல்லாம் அவளை எடுத்துக்கொண்டன. நெதர்லாந்தில் அவளுக்கு ஒரு அடைமொழியே ஏற்பட்டது: தலைத்துணிச் சிறுமி. யார் என்று தெரியாது. ஆனால் என்ன என்பதில் யாருக்கும் சந்தேகம் இருக்கவில்லை. யூதச் சிறுமி. வெஸ்டர்போர்க்கிலிருந்து ஏற்றப்பட்டவர்கள் கிட்டத்தட்ட எல்லாருமே யூதர்கள் என்கிறபோது வேறு யாராக இருக்க முடியும்?

இந்த இடத்தில் அவர்களை நான் திட்டத் தயாரில்லை. நானும் சில வருஷம் எடிட்டிங் மேசையில் உட்கார்ந்தவன். ஒருமுறை வறட்சியைப் பற்றிய சின்னப் படம் ஒன்றுக்கு இன்செர்ட் தேவைப்பட்டது. கைவசம் இருந்த பழைய ஃபுட்டேஜில் ஒரு பாட்டி இருந்தார். முகத்தில் அத்தனை சுருக்கம், வெயிலுக்குக் கண்ணைச் சுருக்கி வானத்தைப் பார்க்கிறார். "மழை பொய்த்த நிலம்" என்று வாய்ஸ் ஓவர் வரும் இடத்தில் அவரை வைத்தேன். கச்சிதமாக உட்கார்ந்தது. திரையிட்ட அன்று கேமராமேன் பக்கத்தில் வந்து மெதுவாகச் சொன்னார்: "சார், அந்தம்மா தேர்த்திருவிழாவுல தேர் உச்சியில கொடி கட்டுறதைப் பார்த்துட்டு நின்னாங்க. நல்ல குஷியா இருந்தாங்க." படத்தை மாற்றவில்லை. மாற்ற நேரம் இல்லை என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அந்த ஷாட் நன்றாக இருந்தது என்பதுதான் உண்மைக் காரணம்.

அடையாளம் தெரியாத முகத்துக்கு இருக்கிற வசதி அதுதான். பெயர் இருந்தால் கேள்வி வரும்: எந்த ஊர், என்ன வயசு, யார் மகள். பெயர் இல்லாத முகம் எதிர்த்துப் பேசாது. எந்த வாக்கியத்துக்குக் கீழே வைத்தாலும் அந்த வாக்கியத்தைச் சொல்லும். அதோடு ஒரு படத்தில் பார்த்த முகத்தை அடுத்த படத்தில் பார்க்கும்போது "ஏற்கெனவே தெரிந்ததுதானே" என்ற எண்ணம் வேறு சேர்ந்துகொள்கிறது. ஒருவர் அனுமானித்ததை அடுத்தவர் ஆதாரமாக எடுத்துக்கொள்கிறார். ஆவணக் காப்பகத்தின் பட்டியலில் ஒரு வரி ஏறிவிட்டால் அதை யாரும் மறுபடி பிரித்துப் பார்ப்பதில்லை.

சூட்கேஸ்

ஆட் வாகெனார் என்ற டச்சுப் பத்திரிகையாளர் 1992 டிசம்பரில் இதைப் பிரித்துப் பார்க்கத் தொடங்கினார். அவரும் அவளை யூதச் சிறுமி என்று நினைத்தே ஆரம்பித்தவர். அவருக்கு வேண்டியிருந்தது பெயர் மட்டும்தான். இவ்வளவு பேர் பார்த்த ஒரு குழந்தைக்கு ஒரு பெயர்கூடவா இருக்காது என்பதுதான் அவருடைய கேள்வி.

அவர் செய்த வேலையில் எனக்கு மிகப் பிடித்தது, முகத்தை விட்டுவிட்டு மற்றதையெல்லாம் பார்த்தார் என்பதுதான். முகத்தை ஐம்பது வருஷமாக எல்லாரும் பார்த்தாயிற்று. அது எதையும் சொல்லவில்லை. வண்டியின் வெளிப்பக்கத்தில் என்ன எண் எழுதியிருக்கிறது, வண்டி எந்த மாதிரி, எந்த வரிசையில் நிற்கிறது, கதவைச் சாத்தும்போது பக்கத்தில் யார் நிற்கிறார்கள், இப்படிப் பார்த்துக்கொண்டே போனார். இந்த ரயிலில் இரண்டு விதமான வண்டிகள் இருந்தன. பெர்கன்-பெல்சன் முகாமுக்குப் போகிறவர்கள் ஜன்னல் வைத்த பயணிகள் பெட்டியில் ஏறினார்கள். ஆஷ்விட்ஸுக்குப் போகிறவர்களுக்குக் கூட்ஸ் வண்டி.

நாளைக் காட்டிக்கொடுத்தது ஒரு சூட்கேஸ். நடக்க முடியாத ஒரு மூதாட்டியைக் கைவண்டியில் வைத்துத் தள்ளிக்கொண்டு வருகிறார்கள். அவரோடு அவருடைய சூட்கேஸ். அதன்மேல் பெயரும் பிறந்த தேதியும் எழுதியிருக்கின்றன. படம் எடுத்தவருக்கோ பார்த்தவர்களுக்கோ அது ஒரு பொருட்டாக இருந்திருக்காது. ஆனால் வெஸ்டர்போர்க்கில் ஒவ்வொரு ரயிலுக்கும் பெயர்ப் பட்டியல் தட்டச்சு செய்தே அனுப்பினார்கள், அந்தப் பட்டியல்கள் தப்பிப் பிழைத்திருந்தன. சூட்கேஸில் இருந்த பெயரைப் பட்டியல்களில் தேடினால் ஒரே ஒரு ரயிலில் அந்த மூதாட்டி இருக்கிறார். 1944 மே 19.

தேதி கிடைத்ததும் கதை திரும்பிவிட்டது. அந்தக் குறிப்பிட்ட ரயில் யூதர்களை மட்டும் ஏற்றிப் போன ரயில் இல்லை. அதில் 245 பேர் சிந்தி, ரோமா மக்கள். அதாவது 'ஜிப்சிகள்' என்று ஊரார் சொல்லும் நாடோடிக் குடும்பங்கள். வெஸ்டர்போர்க்கின் வரலாற்றிலேயே அவர்களை மொத்தமாக ஏற்றியனுப்பியது அந்த ஒரு ரயிலில்தான். வண்டியின் எண்ணும் அவர்களுடைய வண்டிகளையே காட்டியது.

சரி, இனி யாரிடம் கேட்பது? அந்த 245 பேரில் திரும்பி வந்தவர்கள் முப்பது பேர் சொச்சம். அதுவும் ஐம்பது வருஷம் கழித்து. வாகெனார் வண்டிவீட்டுக் குடியிருப்புகளில் தேடிப் போனார். அங்கே காகிதப் பட்டியலைவிடப் பேச்சுக்குத்தான் மதிப்பு. அதிகாரிகள் வைத்த பெயர் ஒன்று இருக்கும், குடும்பத்தில் கூப்பிடும் பெயர் வேறாக இருக்கும். கடைசியாக 1994 பிப்ரவரி 7ஆம் தேதி ராட்டர்டாமுக்குப் பக்கத்தில் ஸ்பைகெனிஸெ என்ற ஊரில் ஒரு சிந்தி மூதாட்டியைச் சந்தித்தார். அவரும் அதே வண்டியில் ஏற்றப்பட்டு, ஆஷ்விட்ஸிலிருந்து உயிரோடு மீண்டவர். படத்தைப் பார்த்ததும் அவருக்குத் தெரிந்துவிட்டது. பெயரும் நினைவிருந்தது, அந்தப் பெயரைக் கேட்ட சந்தர்ப்பமும் நினைவிருந்தது: கதவைச் சாத்துகிற நேரத்தில் அந்தப் பிள்ளை இடுக்கில் போய் நின்றதும், தலை மாட்டிக்கொள்ளப் போகிறது, உள்ளே வா என்று அவள் அம்மா பெயர் சொல்லிக் கூப்பிட்டு அதட்டியிருக்கிறாள்.

பெயர் செட்டெலா.

எத்தனையோ வருஷம் எத்தனையோ பேர் அந்த ஊமைப் படத்துக்கு வயலினும் செல்லோவும் போட்டார்கள். அந்த ஏழு வினாடியில் உண்மையாகக் கேட்ட சத்தம், கதவில் தலையைக் கொடுக்காதே என்று எந்த அம்மாவும் போடுகிற அதட்டல்.

மூன்று நாள்

பதிவேட்டில் அவள் பெயர் அன்னா மரியா ஸ்டைன்பாஃக். பிறந்தது 1934 டிசம்பர் 23, நெதர்லாந்தின் தென்கோடி மாகாணமான லிம்பர்கில் புக்தன் என்ற ஊரில். அப்பா சின்ன வியாபாரி, வயலின் வாசிப்பவர். குதிரை வண்டிவீட்டில் ஊர் ஊராகப் போன குடும்பம். நாடோடிகள் நடமாடக் கூடாது என்று ஆக்கிரமிப்பு அரசு தடை போட்டு, வண்டிவீடுகளைக் குறிப்பிட்ட இடங்களில் நிறுத்திவைத்திருந்தது. ஸ்டைன்பாஃக் குடும்பம் ஐண்ட்ஹோவனில் மாட்டிக்கொண்டது.

1944 மே 16 விடிகாலையில் நாடு முழுக்க ஒரே நேரத்தில் சோதனை. பிடித்தவர்கள் டச்சுப் போலீஸார். 578 பேரை வெஸ்டர்போர்க்குக் கொண்டுவந்தார்கள். அங்கே பிரித்தார்கள்: வண்டியில் குடியிருந்தாலும் 'ஜிப்சி' இல்லை என்று தோன்றியவர்களை விட்டுவிட்டார்கள், சில குறிப்பிட்ட நாடுகளின் பாஸ்போர்ட் வைத்திருந்தவர்களையும் விட்டார்கள். மிச்சம் 245 பேர். பேன் தொற்றும் என்று தலையை மழித்தார்கள். ஒன்பது வயதுப் பிள்ளைக்கு மொட்டைத் தலையோடு நிற்கக் கூச்சமாக இருந்திருக்கும். கிழிந்த படுக்கை விரிப்புத் துணி ஒன்றை எடுத்துத் தலையில் சுற்றிக்கொண்டாள். ஐம்பது வருஷம் அவளுக்கு அடைமொழியாக நின்ற தலைத்துணியின் கதை இதுதான். பலர் அதில் ஏதோ ஒரு புனிதச் சாயலைக்கூடப் பார்த்தார்கள். மூன்று நாள் முன்பு வரை அவளுக்குத் தலை நிறைய முடி இருந்தது.

மே 22ஆம் தேதி ரயில் ஆஷ்விட்ஸ்-பிர்கெனாவ் போய்ச் சேர்ந்தது. அங்கே 1943 தொடக்கத்திலிருந்தே ரோமா, சிந்திக் குடும்பங்களுக்கென்று தனி வளாகம் இருந்தது. வேலைக்குத் தோதானவர்களைப் பிரித்து ஜெர்மனியின் தொழிற்சாலைகளுக்கு அனுப்பினார்கள். மிஞ்சியவர்களை, பெரும்பாலும் தாய்மாரையும் குழந்தைகளையும் முதியோரையும், ஆகஸ்ட் 2ஆம் தேதி இரவு விஷவாயு அறைக்குக் கொண்டுபோனார்கள். அந்த ஒரே இரவில் சுமார் 4,200 பேர். செட்டெலாவும் அம்மாவும் உடன்பிறந்தவர்களும் அந்தக் கோடையைத் தாண்டவில்லை. குடும்பத்தில் அப்பா மட்டும் மிஞ்சினார், 1946ல் அவரும் போய்விட்டார். ஆக, மகள் ஒரு படத்தில் இருக்கிறாள் என்று யாராவது சொல்லியிருந்தால் அடையாளம் காட்டக்கூடிய ஒரே மனுஷரும் அந்தப் படம் ஊர் சுற்றத் தொடங்கும் முன்பே இறந்துவிட்டார்.

யார் கணக்கில்

இப்போது அந்த 'தப்பான பக்கம்' விஷயத்துக்கு வருகிறேன். யூதச் சிறுமி என்று நினைத்தது கெட்ட எண்ணத்தால் நடந்ததில்லை. லட்சம் பேருக்கு எதிரே 245 பேர் என்ற கணக்கில் யாரும் அப்படித்தான் நினைப்பார்கள். அதே ரயிலில் போன, கைவண்டியில் வந்த அந்த மூதாட்டி யூதர்தான். அவர் ஆஷ்விட்ஸில் இறங்கியதும் கொல்லப்பட்டார். செட்டெலாவின் பெயர் கிடைத்ததால் அவர்களுடைய துயரத்தில் எதுவும் குறைந்துவிடவில்லை.

ஆனால் தவறு ஒரு பக்கமாகவே சாய்ந்தது ஏன் என்று கேட்க வேண்டியிருக்கிறது. ரெனேவின் படம் வெளிவந்த அதே 1956ல், மேற்கு ஜெர்மனியின் உச்ச நீதிமன்றம் ஒரு தீர்ப்பு சொன்னது: 1943க்கு முன் ஜிப்சிகளை நாடுகடத்தியது இனவெறியால் நடந்ததல்ல, குற்றத்தடுப்பு நடவடிக்கைதான் என்று. நாஜிகளின் போலீஸ் சொன்ன காரணத்தையே நீதிமன்றம் திருப்பிச் சொன்னது. அதைக் காட்டியே பலருக்கு நஷ்ட ஈடு மறுக்கப்பட்டது. நடந்தது இனப்படுகொலைதான் என்று ஜெர்மன் அரசு ஒப்புக்கொள்ள 1982 ஆயிற்று. பெர்லினில் நினைவிடம் திறந்தது 2012ல். ஒரு பக்கம் அந்தச் சிறுமியின் முகம் திரைகளில் கண்ணீர் வரவழைத்துக்கொண்டிருந்தது. மறுபக்கம் அவள் இனத்தார் அலுவலக வாசல்களில் நாங்களும் அங்கே இருந்தோம் என்று நிரூபிக்க அலைந்துகொண்டிருந்தார்கள். சாட்சி அவர்கள் கையிலேயே இருந்தது, அது அவர்களுடைய சாட்சி என்று யாருக்கும் தெரியவில்லை. அவர்களுக்கும் தெரியவில்லை.

இங்கே நமக்கு ஒரு சின்னத் தொடர்பும் இருக்கிறது. ரோமா, சிந்தி மக்களின் மூதாதையர் வட இந்தியாவிலிருந்து போனவர்கள், சுமார் ஆயிரம் வருஷத்துக்கு முன்னால். அவர்கள் பேசும் ரோமானி இந்திய ஆரிய மொழிதான். ஒன்று, இரண்டு, மூன்று என்பது அவர்களுக்கு யேக், துய், த்ரின். தண்ணீர் பானி. மூக்கு நாக். ஆள் என்பதற்கு அவர்கள் சொல்லும் சொல் மனுஷ். தமிழில் "அந்த மனுஷர்" என்று நாம் சொல்கிறோமே, அதே வேர். பிரான்ஸில் உள்ள சிந்திகளுக்கு இனப்பெயரே மனுஷ்தான். அந்த அம்மா கதவோரம் நின்ற மகளை எந்த மொழியில் அதட்டினாள் என்று பதிவு இல்லை. ரோமானியாக இருந்தால் நம் காதுக்கும் அதில் ஒரு சொல்லாவது பிடிபட்டிருக்கும்.

திரும்பிப் பார்த்தவர்கள்

பெயர் தெரிந்த பிறகு படமும் மாறிவிட்டது. 1994ல் இந்தத் தேடலைப் பற்றி டச்சு ஆவணப்படம் ஒன்று வந்தது. வாகெனார் அடுத்த வருஷம் புத்தகம் எழுதினார். ஆனால் வெஸ்டர்போர்க் சுருளை வேறு விதமாகப் பார்த்தவர் ஜெர்மன் இயக்குநர் ஹாருன் ஃபரோக்கி. 2007ல் நாற்பது நிமிடப் படம் ஒன்றைச் செய்தார். அதில் வெஸ்டர்போர்க் காட்சிகள் மட்டுமே உண்டு. இசை இல்லை, குரல் இல்லை, நடுநடுவே எழுத்து மட்டும். ஒரு காட்சியைக் காட்டி ஒன்று சொல்வார், அதையே மறுபடி காட்டி வேறொன்று சொல்வார். நீ முதல் தடவை பார்த்ததாக நினைத்தது எது, உண்மையில் இருந்தது எது என்று பார்ப்பவர் கணக்குப் போட வேண்டியிருக்கும். செட்டெலா விஷயத்தில் அவர் கவனித்தது ஓர் எடிட்டர் கவனித்திருக்க வேண்டிய விஷயம்: அத்தனை சுருள்களிலும் ஒரு மனிதருக்கு இவ்வளவு நெருக்கத்தில் போன ஷாட் இது ஒன்றுதான். அந்தப் பயத்தைப் பார்த்த பிறகு பிரெஸ்லாவர் இன்னொரு முகத்துக்கு நெருங்கவில்லை போலும் என்கிறார் ஃபரோக்கி. அது அவருடைய ஊகம். ஆனால் ஊகம் என்று சொல்லிவிட்டே ஊகிக்கிறார், அந்த நேர்மை இந்த வகைப் படங்களில் அபூர்வம்.

எதிர்மாறான ஒரு வழக்கையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். 1938ல் அமெரிக்காவிலிருந்து ஐரோப்பா சுற்றிப் பார்க்கப் போன டேவிட் கர்ட்ஸ் என்பவர், தான் பிறந்த போலந்து ஊரான நாசெல்ஸ்க்கில் கைக்கேமராவில் மூன்று நிமிடம் படம் எடுத்தார். வார்சாவுக்கு வடக்கே இருக்கிற சின்ன ஊர். மறுவருஷம் போர். அந்த ஊரின் யூதர்கள் சுமார் 3,000 பேரில் நூறு பேருக்கும் குறைவாகவே பிழைத்தார்கள். 2009ல் பேரன் கிளென் கர்ட்ஸ் புளோரிடாவில் பெற்றோர் வீட்டு அலமாரியில் அந்தச் சுருளைக் கண்டெடுத்தார். கெட்டுப்போய் ஒட்டிக்கொண்டிருந்ததை வாஷிங்டன் ஹோலோகாஸ்ட் அருங்காட்சியகம் சரிசெய்து இணையத்தில் போட்டது. ஒரு பெண் அதைப் பார்த்துக்கொண்டிருந்தவர், கூட்டத்தில் சிரித்துக்கொண்டு நிற்கும் பதின்மூன்று வயதுப் பையன் தன் தாத்தா என்று கண்டுபிடித்தார். தாத்தா உயிரோடு இருந்தார். சுமார் 150 முகங்கள் அந்த மூன்று நிமிடத்தில் தெரிகின்றன, 11 பேருக்குப் பெயர் கிடைத்தது. பியாங்கா ஸ்டிக்டர் 2021ல் அதை வைத்தே ஒரு முழுப் படம் செய்தார். அந்த மூன்று நிமிடத்தைத் தவிர வேறு காட்சியே கிடையாது. நிறுத்தி, பெரிதாக்கி, பின்னோக்கி ஓட்டி, கடைப் பெயர்ப்பலகை, சட்டை நிறம், பொத்தான் என்று ஒவ்வொன்றாகப் பார்க்கிறார்.

நாசெல்ஸ்க் பிள்ளைகள் கேமராவைப் பார்த்ததும் அடித்துப் பிடித்துக்கொண்டு முன்னால் வருகிறார்கள். ஒருத்தனைத் தள்ளிவிட்டு இன்னொருத்தன் முகத்தை நீட்டுகிறான். நம் ஊர்த் தெருவில் கேமரா வைத்தால் நடக்கிற அதே ரகளை. படத்தில் வர வேண்டும் என்று ஆசைப்பட்டு வந்த முகங்கள் அவை. செட்டெலாவுக்கு அந்த ஆசை இருந்ததா என்று தெரிந்துகொள்ள வழியில்லை. அவளைப் படம் எடுக்கச் சொன்னவர் அவளை ஏற்றியனுப்பியவர். இந்த ஒரு விஷயத்துக்காகவே அந்த ஷாட்டை எடுத்துக் கையாள்கிறவர்கள் கொஞ்சம் கூடுதலாகக் கூச வேண்டும் என்பது என் எண்ணம். அவள் முகம் நமக்குக் கிடைத்தது ஒரு முகாம் தளபதியின் விளம்பர ஆசையால்.

வெஸ்டர்போர்க் சுருள்கள் 2017ல் யுனெஸ்கோவின் உலக நினைவுப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டன. பிறகு டச்சுக் காப்பகத்தார் மூலச் சுருள்களிலிருந்து புதிதாக ஸ்கேன் செய்து துலக்கியிருக்கிறார்கள். படம் தெளிவாகத் தெளிவாகப் புதுப்புது எழுத்துகளும் முகங்களும் மேலே வருகின்றன. முகாம் இருந்த திடலில் 1992ல் ஒரு நினைவுச் சின்னம் அமைத்தார்கள்: திரும்பி வராத ஒவ்வொருவருக்கும் ஒரு செங்கல் அளவுக் கல், மொத்தம் 1,02,000. பெரும்பாலான கற்களின் தலையில் யூத நட்சத்திரம். இருநூற்றுச் சொச்சம் கற்களில் மட்டும் தீச்சுடர், அவை சிந்தி, ரோமா மக்களுக்கு. வாகெனார் தேடத் தொடங்கிய அதே வருஷம். அதாவது செட்டெலாவுக்கான கல் அவள் பெயருக்கு முன்பே அங்கே வந்துவிட்டது. உலகம் நட்சத்திரக் கற்களின் பக்கம் அவளைத் தேடிக்கொண்டிருந்தது.

அந்த ஷாட்டை இதை எழுதுவதற்காக மறுபடி ஓட்டிப் பார்த்தேன். இந்த முறை வாகெனார் மாதிரி முகத்தை விட்டுவிட்டுப் பார்க்க முயன்றேன். கதவுக்குப் பக்கத்தில் மரப்பலகையில் சுண்ணக்கட்டியால் எழுதிய ஆள் எண்ணிக்கை தெரிகிறது. எழுபத்துச் சொச்சம். கேமரா பார்த்தது ஒருத்தியை. மற்ற எழுபது பேர் அவளுக்குப் பின்னால் அந்த இருட்டுக்குள் இருக்கிறார்கள், அதட்டிய அம்மாவும் அங்கேதான்.